நேரம் சீராக ஓடாத மண்டலத்தில் சந்தை கூடுமா?

ஆரணியிலிருந்து ஒரு வாசகர், 3 மே 2025, இரவு 9.10

கற்பனையாக ஒரு மண்டலம். மலை, அடிவாரம், ஆற்றுப்படுகை மூன்றும் அதில் உண்டு. ஒவ்வொன்றிலும் நேரம் ஒவ்வொரு வேகத்தில் ஓடுகிறது. எங்கள் ஊர்க் கூத்துக்கு இதை வைத்து ஒரு கதை கட்டலாம் என்று உட்கார்ந்தேன், இரண்டே நாளில் கைவிட்டேன். பொது நேரம் இல்லாத ஊரில் சந்தை கூடாது, கூலி போட முடியாது, கடன் கொடுக்க முடியாது. மனுசர் சேர்ந்து வாழவே முடியாத இடத்தில் கதை எங்கே நடக்கும்? யாராவது மறுத்துச் சொல்லுங்கள்.

வேலூர் சத்துவாச்சாரியிலிருந்து பதில், 4 மே, பகல் 2.40

மறுக்கிறேன். சந்தை கூடும்.

பொய்கை மாட்டுச் சந்தைக்கு வருகிறவர் செவ்வாய்க்கிழமை என்று தெரிந்து வருகிறார். எத்தனை மணி என்று யாரும் அவருக்குச் சொல்லி அனுப்புவதில்லை.

பொது நேரமே நம் வட்டாரத்துக்குப் புதுசு. 1856 ஜூலை 1-ல் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை ரயில் விட்டார்கள். தென்னிந்தியாவில் ஓடிய முதல் பயணிகள் ரயில் அதுதான். அதுவரை வாலாஜாவின் உச்சிவேளை வாலாஜாவுக்கு, ஆம்பூரின் உச்சிவேளை ஆம்பூருக்கு. ரயில் வந்த பிறகுதான் ஊருக்கு ஊர் நாலைந்து நிமிடம் தள்ளியிருப்பது தொந்தரவாகத் தெரிந்தது. மதராஸ் வானாய்வுக் கூடத்து நேரத்தை வைத்துப் பல காலம் ரயில் ஓட்டினார்கள். 1906 ஜனவரி 1-லிருந்து இப்போதைய இந்திய நேரம். இது அலகாபாத் (இப்போது பிரயாக்ராஜ்) பக்கம் போகும் 82.5 பாகை தீர்க்கரேகையின் நேரம். வேலூர் ஏறக்குறைய 79.1 பாகையில் இருக்கிறது. அதனால் நம் சூரியன் கடிகாரத்துக்குச் சராசரி பதின்மூன்றரை நிமிடம் பிந்தித்தான் உச்சிக்கு வரும். பிப்ரவரி நடுவில் 12.27 தாண்டிவிடும், நவம்பர் தொடக்கத்தில் 12 அடிக்குமுன்பே வந்துவிடும். சென்னைக்கும் நமக்குமே நாலரை நிமிடம் வித்தியாசம்.

எங்கள் ஆயா முற்றத்துத் தூண் நிழலைப் பார்த்து உலை வைத்தவள். அந்த நேரம் ரயில்வே நேரத்தோடு ஒருநாளும் ஒத்துப்போனதில்லை. எங்கள் வீட்டில் சோறு ஒருநாளும் தவறியதுமில்லை.

4 மே, இரவு 11.30

தூக்கம் வரவில்லை. இன்று கத்திரி ஆரம்பம், மொட்டைமாடித் தரை இன்னும் சுடுகிறது. உங்கள் மண்டலத்தை நான் கட்டிப் பார்க்கிறேன்.

மலைக்கு மேல்காணி, அடிவாரத்துக்கு நடுக்காணி, கீழே ஆத்துக்காணி என்று பெயர் வைத்துக்கொள்வோம். ஆத்துக்காணியில் ஒரு நாள் என்றால் மேல்காணியில் நாலு நாள் என்று ஒரு கணக்கு.

மலைதான் வேகம், ஆறுதான் மந்தம். இதை மாற்றக்கூடாது, ஏனென்றால் உண்மையிலும் அப்படித்தான். தரையை விட்டு மேலே போகப் போகக் கடிகாரம் கொஞ்சம் வேகமாக ஓடும். 2020-ல் டோக்கியோ கோபுரம் ஒன்றில் 450 மீட்டர் உயரத்தில் ஒரு கடிகாரமும் தரையில் ஒன்றும் வைத்து அளந்து காட்டினார்கள். நம்ம ஜவ்வாது மலைக் காவலூரில், 2.34 மீட்டர் தொலைநோக்கி இருக்கிற வைணு பாப்பு வானாய்வகம் சுமார் 700 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, வேலூர் சுமார் 200-ல். காவலூர்க் கடிகாரம் வேலூர்க் கடிகாரத்தை ஒரு நாளைக்கு ஏறக்குறைய 5 நானோ விநாடி முந்தும். 80 வயது வரை அங்கேயே வாழ்ந்தவருக்கு மொத்தம் சுமார் 140 மைக்ரோ விநாடி, அதாவது ஒரு விநாடியை ஏழாயிரம் பங்கு போட்டால் அதில் ஒன்று. வருஷா வருஷம் பதினோராம் வகுப்பில் இதைச் சொல்லும்போது பிள்ளைகள் ஒரு நிமிஷம் ஜன்னல் வழியாக மலையைப் பார்ப்பார்கள். எனக்கு அந்த ஒரு நிமிஷம் போதும்.

ஆக உங்கள் மண்டலம் இல்லாத ஊர் இல்லை. இருக்கிற ஊரைப் பெரிதாக்கிப் பார்ப்பதுதான்.

ஆறும் பொருந்துகிறது. மேல்காணியில் நாலு நாளாக வடியும் தண்ணீர் ஆத்துக்காணியில் ஒரே நாளில் வந்து விழும். பாலாறு நமக்கு அப்படித்தானே? வருஷக்கணக்கில் மணல். ஊற்றுத் தோண்டினால் அடியில் தண்ணீர் இருக்கும், மேலே இருக்காது. பிறகு 2021 நவம்பர் மாதிரி ஒரு மாதம், கரை கொள்ளாமல். பாலத்தில் நின்று பார்த்த கூட்டத்தில் நானும் இருந்தேன். பக்கத்தில் நின்ற பெரியவர் ஒருவர் கையெடுத்துக் கும்பிட்டார்.

5 மே, காலை 6.15

திருத்தம். விடியும்போதுதான் உறைத்தது: சூரியனை மறந்துவிட்டேன்.

சூரியன் ஒன்றுதான். மேல்காணிக்குத் தனியாக நாலு தடவை உதிக்காது. மலைக்காரருக்கு ஒரு பகல் அவர் கடிகாரத்தில் 48 மணி நேரம், ஒரு இரவு 48 மணி நேரம். பகலிலேயே இரண்டு தூக்கம் போடவேண்டும். ‘மேல்காணியில் நாலு நாள்’ என்று நேற்று எழுதியது தப்பு. நாள் எல்லாருக்கும் ஒன்றுதான், உடம்புதான் நாலு.

ஆனால் உங்கள் கேள்விக்கு இது எனக்குச் சாதகம். செவ்வாய்க்கிழமை மலைக்கும் ஆற்றுக்கும் ஒரே செவ்வாய்க்கிழமை. சந்தை கூடும்.

6 மே, இரவு 10.05

கூத்துக்கு என்று கேட்டீர்களே, அதைப் பற்றி.

நடுக்காணியில் திரௌபதி அம்மன் கோயில், மதியம் பாரதப் பிரசங்கம், இரவு கூத்து. பத்து மணிக்குக் களரி கட்டி விடியற்காலை ஆறு வரை, எட்டு மணி நேரம். அடிவாரத்தையும் ஆற்றையும் இப்போதைக்கு ஒரே நேரமாக வைத்துக்கொள்ளுங்கள். மேல்காணியில் கயிற்றுக்கட்டிலில் படுத்துக் கேட்பவருக்கு அது 32 மணி நேரக் கூத்து. முகவீணை என்கிற ஊதுகுழல் இரண்டு ஸ்தாயி இறங்கிக் கேட்கும். நம் முகவீணை எவ்வளவு கீச்சென்று இருக்கும், அது இழுத்து இழுத்து அடிக்குரலில் வரும். மிருதங்கத்தின் ஒரு தட்டுக்கும் அடுத்த தட்டுக்கும் நடுவில் ஒருவர் எழுந்து தண்ணீர் குடித்துவிட்டு வரமுடியாது, ஆனால் திரும்பிப் படுக்கலாம்.

எனக்குப் பத்து வயதில் கர்ண மோட்சம் பார்க்க ஆயா மடியில் படுத்தேன். கர்ணனின் மனைவி பொன்னுருவி அவனைப் போருக்கு விடமாட்டேன் என்று வழிமறித்துப் பாடிக்கொண்டிருந்தாள். தூங்கி விழித்தேன். அப்போதும் அவள் வழிமறித்துக்கொண்டுதான் இருந்தாள். மறுபடி தூங்கி விழித்தபோது ஆயா அழுதுகொண்டிருந்தாள், கிழக்கே வெளுத்திருந்தது. பதினேழாம் நாள் போர் பகலுக்குள் முடிந்துவிடும். போகாதே என்று சொல்வதற்குத்தான் ஒரு ராத்திரி ஆகிறது. கூத்து கட்டுகிறவர்களுக்கு உங்கள் மண்டலத்தை நான் விளக்கவே வேண்டியதில்லை, அவர்கள் அங்கேதான் வேலை செய்கிறார்கள்.

7 மே, பகல் 1.20

திருப்பத்தூர் நண்பர் ‘நிலத்துக்கு நிலம் பொழுது மாறுவது நம் மரபிலேயே இல்லை’ என்று எழுதியிருக்கிறார். இல்லை ஐயா, இருக்கிறது. தொல்காப்பியம் முதற்பொருள் என்று சொல்வது நிலமும் பொழுதும் சேர்ந்துதான். குறிஞ்சிக்கு யாமம், முல்லைக்கு மாலை, நெய்தலுக்கு எற்பாடு, அதாவது பொழுது சாயும் நேரம். பாலைக்கு நண்பகல், ஆனால் அதற்குத் தனி நிலம் சொல்லவில்லை, பொழுது மட்டும் உண்டு. இந்த வெயிலில் சத்துவாச்சாரியிலிருந்து எழுதுகிறவனுக்கு அது நன்றாகப் புரிகிறது. கத்திரி முடிகிற 28-ம் தேதி வரை நாங்களும் பாலைதான்.

9 மே, இரவு 12.50

கூலிக்கு வருகிறேன். இதைத் தள்ளிப்போட்டுக்கொண்டே இருந்தேன்.

நாள் ஒன்றுதான், உடம்பு நாலு என்று எழுதினேன். அப்படியென்றால் மேல்காணியில் நாள் கூலி போடுகிறவன் ஒரு நாள் சம்பளத்துக்கு நாலு நாள் உடம்பை வாங்குகிறான். ஆத்துக்காணி முதலாளி எல்லா வேலையையும் மலைக்கு அனுப்பிவிடுவான். காலையில் அனுப்பிய நூல் சாயங்காலம் துணியாக இறங்கி வரும். நெய்தவனுக்கு இரண்டு நாள் போயிருக்கும்.

வயதை ஏட்டில் எழுதினால் இன்னும் மோசம். ஏடு சூரிய வருஷத்தில் ஓடும். பி.எஃப். பென்ஷன் 58 வயதில். மேல்காணிப் பெண் ஏட்டில் 20 ஆகும்போது உடம்பில் 80. அவள் பென்ஷனைப் பார்க்கவே மாட்டாள். ஏட்டைப் பொறுத்தவரை இளம்பெண்ணாகச் செத்துப்போவாள்.

இந்த இடத்தில் நேற்று நோட்டை மூடி வைத்துவிட்டேன். எங்கள் அம்மா பீடி சுற்றினவள், குடியாத்தம் பக்கம். முறத்தை மடியில் வைத்துக்கொண்டு இலையை நனைத்து, தகடு வைத்து வெட்டி, தூள் போட்டுச் சுருட்டி, நூல் கட்டி, முனை மடக்கி. இருபத்தைந்து ஒரு கட்டு. ஆயிரம் சுற்ற அவளுக்குப் பத்து மணி நேரம். பள்ளிக்கூடம் விட்டு வந்து நான் முனை மடக்கித் தருவேன். மணி எத்தனை என்று கேட்டால் “அறுநூறு ஆச்சு” என்பாள். எங்கள் வீட்டில் கடிகாரம் அதுதான்.

அம்மா விளம்பி வருஷம் ஆவணியில் பிறந்தவள் என்று ஆயா சொல்வாள். விளம்பி என்றால் 1958. வேலையில் சேர்க்கும்போது பிறந்த தேதி கேட்டிருக்கிறார்கள். அம்மா வருஷத்தின் பெயரைச் சொன்னாள். எழுதிக்கொண்டவர் ஆளைப் பார்த்து, மெலிந்த உடம்பு, 1963 என்று போட்டுவிட்டார். அப்போது யாருக்கும் அது பெரிதாகப் படவில்லை. அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. நான் பாஸ்புக்கைக் கையில் வாங்கிப் பார்த்தபோது அவளுக்கு ஐம்பது தாண்டிவிட்டது. திருத்த அலைந்தோம். பள்ளிச் சான்று இல்லை, பிறப்புச் சான்று இல்லை, “பஞ்சாங்கத்தை ஆதாரமாக எடுத்துக்க முடியாதும்மா” என்றார்கள். 2016-ல் வரவேண்டிய பென்ஷன் 2021-ல் வந்தது. ஐந்து வருஷம், கண் மங்கிய பிறகு, கூடுதலாகச் சுற்றினாள்.

உங்கள் மண்டலத்தைக் கற்பனை செய்ய எனக்கு ஏன் இவ்வளவு சுலபமாக வருகிறது என்று கேட்டிருந்தீர்கள். இதனால்தான்.

10 மே, காலை 7.30

ஆரணி நண்பர் சரியாகப் பிடித்தார்: பீடிக்குக் கூலி நாளுக்கு இல்லை, ஆயிரத்துக்கு. ஆயிரக் கணக்கில் கொடுத்தால் மலைக்காரி ஏமாறமாட்டாள், நாலு பங்கு சுற்றி நாலு பங்கு வாங்குவாள். ஒப்புக்கொள்கிறேன். ஆனால் சனிக்கிழமைதான் பணம் தருவார்கள். ஏழு சூரியநாளுக்குள் அவள் வீட்டில் இருபத்தெட்டு நாள் அடுப்பு எரியவேண்டும். அதற்கு முன்பணம் வாங்குவாள், முன்பணத்துக்கு வட்டி.

வட்டியில் மட்டும் அவளுக்கு லாபம், அதையும் சொல்லவேண்டும். மாசவட்டி சூரிய மாசத்துக்குத்தானே. கடனை அடைக்க அவள் கைக்கு நாலு மாசம் கிடைக்கும்.

11 மே, இரவு 9.45

நாலு மடங்கு நிற்காது. கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டேன்.

நேரம் நாலு மடங்கு வேகமாக ஓடும் இடத்திலிருந்து கீழே பார்த்தால் ஒலி மட்டும் இறங்காது, ஒளியும் இறங்கும். கீழே எரிகிற விளக்கு மேலே கண்ணுக்குத் தெரியாது, வெறும் வெப்ப அலையாகிவிடும். சூரியனும் அப்படித்தான். சுமார் 5800 கெல்வின் வெப்பநிலை உள்ள சூரியன் அங்கே 1450 கெல்வினாக, ஊதாமல் விட்ட கரித்துண்டு மாதிரி தெரியும். வெப்பம் 256-ல் ஒரு பங்குதான் வந்து சேரும். மேல்காணியில் பயிர் வராது, ஜனம் விறைத்துவிடும். எப்படியோ அவர்களைச் சாதாரணச் சூட்டில் உயிரோடு வைத்தால், ஆத்துக்காணியிலிருந்து பார்க்கிறவருக்கு அந்த மலை 1200 கெல்வினில், உலையில் காய்ந்த இரும்பாகச் சிவந்து தெரியும். கீழே இருப்பவர்கள் வெந்துபோவார்கள்.

மூன்று மடங்கு, இரண்டு மடங்கு எல்லாம் போட்டுப் பார்த்தேன். எதிலும் ஆள் வாழமுடியாது. ஆறாம் தேதி எழுதிய கூத்து மட்டும் எனக்குப் பிடித்திருக்கிறது, அதை விட மனசில்லை.

15 மே, இரவு 11.55

குடியாத்தத்தில் இருக்கிறேன். வைகாசி ஒன்று, கெங்கையம்மன் சிரசுத் திருவிழா. காலையிலிருந்து கூட்டத்தில் நின்றதில் கால் வீங்கிவிட்டது. அம்மன் தலை வரும் வரைக்கும் நேரம் நகரவில்லை, வந்ததும் ஒரு கணம், தேங்காய் உடைகிற சத்தம், போய்விட்டது. இதில் பௌதிகம் ஒன்றும் இல்லை, ஆனால் எழுதிவைக்கத் தோன்றியது.

வேலூர்க் கோட்டைக் கோயிலைப் பற்றி ஒருவர் கேட்டிருந்தார். ஆமாம், ஜலகண்டேஸ்வரர் கோயில் நூற்றாண்டுக் கணக்கில் மூர்த்தி இல்லாமல் கிடந்தது. 1981 மார்ச்சில்தான் மறுபடி லிங்கம் வைத்தார்கள். ‘தண்ணி இல்லாத ஆறு, ராஜா இல்லாத கோட்டை, சாமி இல்லாத கோயில்’ என்று நம் ஊரைச் சொன்ன காலம் அதோடு மூன்றாவதில் முடிந்தது. அதை நேரம் நின்றுபோன இடம் என்று அவர் சொல்வதை நான் ஏற்கவில்லை. கல் தேய்ந்துகொண்டேதான் இருந்தது, கல்யாண மண்டபத்துத் தூண்களைப் பார்த்தால் தெரியும். பூஜைதான் நின்றது.

18 மே, பகல் 3.30

கிடைத்துவிட்டது. நூற்றுக்கு ஒன்று.

மேல்காணியில் நேரம் நூற்றுக்கு ஒரு பங்கு மட்டும் வேகம். இப்போது எல்லாம் வாழக்கூடியதாக இருக்கிறது. சூரிய வெப்பம் நூற்றுக்கு நாலு குறையும், மலை ஏறக்குறைய 3 டிகிரி குளிரும். ஐநூறு மீட்டர் ஏறினால் நமக்கு வழக்கமாகக் கிடைக்கிற குளிரும் அவ்வளவுதான், யாரும் வித்தியாசம் கண்டுபிடிக்க மாட்டார்கள். முகவீணை அரைச் சுருதிக்கும் கீழே, துளி இறங்கும். களரியில் பழகின காது மட்டும் ‘ஏதோ சேரல’ என்று சொல்லும்.

ஒரு நாளைக்கு 14 நிமிடம் 24 விநாடி கூடுதல். பழைய கணக்கில் 36 விநாழிகை. வேலூர்ச் சூரியன் கடிகாரத்துக்குப் பிந்துவதும் கிட்டத்தட்ட இவ்வளவுதான், அதை நாம் யாராவது கவனிக்கிறோமா?

அம்மா வேகத்தில் அந்த 14 நிமிடம் 24 விநாடிக்கு 24 பீடி. ஒரு கட்டுக்கு ஒன்று குறைவு. நாள் கூலி வாங்குகிறவளிடமிருந்து தினம் ஒரு கட்டு ஏட்டில் ஏறாமல் போய்விடும், வருஷத்துக்கு மூன்றரை நாளுக்கு மேல். ஏட்டில் 58 ஆகும்போது அவளுக்கு 58 வயது 7 மாதம். ஏட்டில் 80 ஆகும்போது சுமார் 290 நாள் முன்னால் போயிருப்பாள். பத்து மாசம். ஒரு பிள்ளையைச் சுமக்கிற காலம். இதை நான் தேடிப்போகவில்லை, பெருக்கியபோது வந்து நின்றது. பேனாவை வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் வெளியே போய் நின்றேன்.

நாலு மடங்கு என்றால் எல்லாரும் கத்துவார்கள், சட்டம் போடுவார்கள். நூற்றுக்கு ஒன்று என்றால் அவள் சொன்னாலும் யாரும் நம்பமாட்டார்கள். “உனக்கு அசதிம்மா” என்பார்கள். ஆரணி நண்பரே, உங்கள் கதை இந்த நூற்றுக்கு ஒன்றில்தான் இருக்கிறது. ராஜா, மந்திரி, சாபம் ஒன்றும் தேவையில்லை. ஒரு பெண், ஒரு கணக்குப்பிள்ளை, ஒரு ஏடு போதும்.

19 மே, காலை 8.00

விட்டுப்போனது. 2018 சித்திரை ஒன்றாம் தேதி டிவியில் பஞ்சாங்கம் வாசித்தார்கள், விளம்பி வருஷம் பிறந்தது என்று. அறுபது வருஷம் சுற்றி அதே பெயர். அம்மா முறத்தை இறக்கி வைத்துவிட்டு என்னைக் கூப்பிட்டாள்: “டேய், என் வருஷம் திரும்பி வந்துட்டுதுடா.” பாஸ்புக்கில் அன்று அவளுக்கு 55 கூட முடியவில்லை.

1 ஜூன், இரவு 9.20

மண்டலத்தை அம்மாவிடம் முழுசாகச் சொன்னேன். ஆரணி நண்பர்தான் கேட்டிருந்தார், ‘உங்க அம்மா என்ன சொல்றாங்க அண்ணா’ என்று. மலை, ஆறு, நூற்றுக்கு ஒன்று, ஏடு எல்லாம் பொறுமையாகக் கேட்டாள். பிறகு:

“ஏடு எங்க கீது?”

“கீழ, ஆத்துக்காணியில.”

“அத்த மேல தூக்கினு போயி வைக்க வேண்டியதுதானே?”

எனக்கு இந்த வழி ஒருமாதமாகத் தோன்றவே இல்லை. ஏட்டை மலையில் வைத்து, மலைக் கடிகாரத்தில் வயதை எழுதினால் அவளுக்கு 58 சரியாக 58-ல் வரும். அப்போது ஆத்துக்காணிக்காரர்களுக்குத்தான் ஏழு மாதம் முன்னதாகவே பென்ஷன் வந்துவிடும், யாருக்கும் நட்டமில்லை, கொடுக்கிறவனைத் தவிர.

“கணக்குப்பிள்ளை மலையேற ஒத்துக்கணுமேம்மா, அவனுக்கும் வயசு சீக்கிரம் ஓடுமே” என்றேன்.

“ஓடட்டும். அங்க வந்து எங்களோட உக்காந்துகினு எழுதட்டும்” என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போய்விட்டாள்.

ஆரணி நண்பரே, களரியில் ஏட்டை எங்கே வைப்பது என்று யோசியுங்கள். கூத்தைத் தொடங்கிவைக்கிற கட்டியங்காரன் அதைத் தலையில் தூக்கிக்கொண்டு, மூச்சு வாங்க வாங்க, பார்வையாளர் நடுவிலிருந்து நுழையலாம் என்று எனக்குத் தோன்றுகிறது. கணக்குப்பிள்ளை பின்னாலேயே வருவானா, வழியில் எங்காவது உட்கார்ந்துவிடுவானா என்பதை இன்னும் முடிவு பண்ணவில்லை.